கண்டிஷன் பட்டாவின் பின்பக்கம்



வழக்கமாக இந்த நேரத்தில் விதை நேர்த்தி, அடியுரம், பூச்சி மருந்து என்று உங்களிடம் பேசுகிறவன் நான். இன்றைக்குப் பேசப்போவது தாலூக்கா ஆபீஸ் சங்கதி. “விவசாய ஆபீசருக்கு இதில் என்ன வேலை?” என்று கேட்பீர்கள். நியாயமான கேள்விதான். நான் வேளாண்மை படித்தவன், சட்டம் படித்தவன் அல்லன். ஆனால் அரசாங்கம் கொடுத்த நிலத்தில் என்னென்ன வில்லங்கம் வரும் என்பதை ஒரு கடலைக் கொல்லையில் நின்றுகொண்டு கற்றுக்கொள்ள வேண்டியதாயிற்று. அதைச் சொல்லிவிட்டு விஷயத்துக்கு வருகிறேன்.

பல வருஷங்களுக்கு முன்னால், மலையடிவாரத்துக் கிராமம் ஒன்றில் நிலக்கடலை செயல்விளக்கத் திடல் போட இடம் தேடினேன். ஒரு பெரியவர் முன்வந்தார். 1970-களில் அரசு ஒப்படை செய்த ஒன்றரை ஏக்கர் அவருக்கு இருந்தது. ஓடை ஓரமாக நல்ல செம்மண். தானும் மனைவியுமாகக் கடப்பாரை போட்டுத் தோண்டிய கிணறும் அதில் இருந்தது. ஒப்படை ஆணையை எடுத்துக் காட்டினார். நானும் பார்த்தேன். பார்த்தேன் என்றால், பெயரையும் கோபுர முத்திரையையும் பார்த்தேன், அவ்வளவுதான். சர்வே நம்பரை ஒப்பிட்டுப் பார்க்கவில்லை, பின்பக்கத்தைத் திருப்பவும் இல்லை.

பயிர் நன்றாக வந்தது. 40-ஆம் நாள் ஜிப்சம் போட்டு மண் அணைத்த வாரத்தில் தலையாரி ஒரு நோட்டீஸோடு வந்தார். நீங்கள் பயிர் செய்வது ஓடைப் புறம்போக்கு, ஏன் அகற்றக் கூடாது என்று கேட்டு வந்த நோட்டீஸ். பெரியவர் கையெழுத்துப் போட மறுத்துவிட்டார். “பட்டா கையில இருக்கும்போது நான் ஏன் சார் கையெழுத்துப் போடணும்?” என்றார். தலையாரி அதை மோட்டார் கொட்டகைக் கதவில் ஒட்டிவிட்டுப் போய்விட்டார். பதில் சொல்ல வேண்டிய கெடு ஓடிப்போயிற்று. பிறகு அளந்து பார்த்தால், ஆணையில் எழுதியிருந்த உட்பிரிவு மேலே மலைச் சரிவில், சீமைக்கருவேல் மண்டிக் கிடந்தது. இவர் இத்தனை வருஷமாக உழுதது அதற்குக் கீழே இருந்த ஓடை நிலம்.

“கல்லு நட்டுக் குடுத்தவங்க யாருமில்லை சார். அன்னைக்கு இருந்த மணியக்காரர் கைகாட்டின இடத்துல ஏர் பூட்டினேன்” என்றார் பெரியவர். அவர் சொன்னது பொய்யாக இருக்க முடியாது. வேண்டுமென்றே புறம்போக்கில் யாராவது கிணறு வெட்டுவார்களா?

இதோடு முடிந்திருந்தால் போகட்டும். சில மாதம் கழித்து இரண்டாவது நோட்டீஸ் வந்தது. உமக்கு ஒப்படை செய்த மேல் நிலத்தைக் குறிப்பிட்ட காலத்துக்குள் சாகுபடிக்குக் கொண்டுவரவில்லை, அது நிபந்தனை மீறல், ஒப்படையை ஏன் ரத்து செய்யக் கூடாது என்று அது கேட்டது. கீழ் நிலம் புறம்போக்கு என்று போயிற்று, மேல் நிலம் தரிசு என்று போகப் பார்த்தது. ஆணையின் பின்பக்கத்தை நான் முதன்முதலாக வாசித்தது அன்றைக்குத்தான்.

அந்தப் பின்பக்கத்தில் என்ன இருக்கிறது என்பதுதான் இன்றைய பேச்சு.

அரசு கொடுக்கும் நிலம் எல்லாம் ஒரே ரகம் அல்ல. சர்க்கார் தரிசை நிலமற்ற ஏழைகளுக்கு வருவாய்த் துறை கொடுப்பது ஒரு வகை. நம் ஊர்களில் இதைத்தான் கண்டிஷன் பட்டா என்கிறோம். 1961-ஆம் ஆண்டு நில உச்சவரம்புச் சட்டப்படி பெரிய நிலக்காரர்களிடமிருந்து எடுத்த உபரி நிலம் இன்னொரு வகை. அந்த உச்சவரம்பு முதலில் குடும்பத்துக்கு 30 ஸ்டாண்டர்டு ஏக்கர் என்றிருந்து, 1970-ல் 15 ஆகக் குறைந்தது. வினோபா அடிகளின் இயக்கத்தில் தானமாக வந்த பூதான நிலத்துக்கு 1958-ல் தனிச் சட்டமே வந்தது. 2006-ல் தொடங்கிய இரண்டு ஏக்கர் இலவச நிலத் திட்டத்தில் பெற்றவர்களும் உண்டு.

இவை எல்லாவற்றுக்கும் மூத்தது பஞ்சமி நிலம், டி.சி. நிலம் என்பது. செங்கல்பட்டில் பொறுப்புக் கலெக்டராக இருந்த திரமென்ஹீர் என்ற வெள்ளைக்காரர், ஒடுக்கப்பட்ட மக்கள் காணி நிலமில்லாமல் படும் பாட்டை 1891-ல் அறிக்கையாக எழுதினார். அதையொட்டி 1892-ல் சென்னை அரசாங்கம் அவர்களுக்கு நிலம் கொடுக்க உத்தரவு போட்டது. முதல் 10 வருஷம் விற்கவோ, அடமானம் வைக்கவோ, தானம் கொடுக்கவோ, குத்தகைக்கு விடவோ கூடாது. அதற்குப் பிறகும் அதே ஒடுக்கப்பட்ட வகுப்பாருக்குள்தான் கைமாற வேண்டும். மீறினால் அரசு நஷ்டஈடு இல்லாமல் திரும்ப எடுத்துக்கொள்ளலாம். இவை அதன் நிபந்தனைகள்.

மற்ற ஒப்படைகளிலும் இதே சாயலில்தான் நிபந்தனை இருக்கும். இத்தனை வருஷத்துக்குள் சாகுபடிக்குக் கொண்டுவர வேண்டும், சொந்தமாகப் பயிர் செய்ய வேண்டும், இத்தனை வருஷம் விற்கக் கூடாது என்று எழுதியிருப்பார்கள். எத்தனை வருஷம் என்பது திட்டத்துக்குத் திட்டம் மாறும். ஆகவே பக்கத்து வீட்டுக்காரர் பட்டாவை வைத்து உங்கள் பட்டாவுக்குக் கணக்குப் போடாதீர்கள். உங்கள் ஆணையைத் திருப்பிப் படியுங்கள். படிக்கத் தெரியாவிட்டால் பள்ளிக்கூடம் போகும் பேரப்பிள்ளையை உரக்கப் படிக்கச் சொல்லுங்கள்.

இந்த நிலங்களில் வருகிற வழக்குகளில் பாதிக்கு மேல் விற்பனையில்தான் பிறக்கின்றன என்று எனக்குத் தோன்றுகிறது. அது எப்படி நடக்கிறது தெரியுமா? பெண்ணுக்குக் கலியாணம், அல்லது வீட்டில் ஒருவருக்கு ஆபரேஷன். அவசரத்துக்குப் பணம் வேண்டும். தரகர் வருகிறார். “கிரயம்தானே கூடாது? அக்ரிமெண்ட் போட்டுக்கலாம், பவர் எழுதிக்கலாம்” என்கிறார். பாதி விலைக்குக்கூடப் போகாது. விற்றவர் பணத்தைச் செலவழித்துவிடுவார். வாங்கியவர் கிணறு வெட்டி, தென்னை வைத்து, வீடும் கட்டிவிடுவார். பத்துப் பதினைந்து வருஷம் கழித்து ஒருநாள் நோட்டீஸ் வரும். அப்போது விற்றவர் பிள்ளைகள் ஒரு பக்கம், வாங்கியவர் ஒரு பக்கம், அரசு ஒரு பக்கம் என்று முக்கோண வழக்கு.

“ரிஜிஸ்டர் ஆபீசில் பதிவு செய்தாயிற்றே, அவர்கள் ஏன் பதிந்தார்கள்?” என்று வாங்கியவர் கேட்பார். பதிவு என்பது பத்திரம் எழுதப்பட்டதற்குச் சாட்சி, அவ்வளவுதான். விற்கக் கூடாத நிலத்தின் கிரயம், பதிவானதனால் நல்ல கிரயமாகிவிடாது. வில்லங்கச் சான்றில் ஒன்றும் இல்லையே என்பதும் அப்படித்தான். ஒப்படை நிபந்தனை வில்லங்கச் சான்றில் தெரியவேண்டிய அவசியம் இல்லை, அது வருவாய்க் கணக்கில் இருக்கும். இதையும் மறைக்காமல் சொல்ல வேண்டும்: பழைய ‘அ’ பதிவேட்டில் டி.சி. என்று இருந்த குறிப்பு, 1980-களில் யு.டி.ஆர். என்று கணக்குகளைப் புதிதாக எழுதியபோது பல ஊர்களில் விட்டுப்போயிற்று. இப்போதைய சிட்டாவை மட்டும் பார்த்து நிலம் வாங்குகிறவர்கள் அங்கேதான் ஏமாறுகிறார்கள். யு.டி.ஆருக்கு முந்திய ‘அ’ பதிவேட்டின் நகலையும் கேட்டு வாங்கிப் பாருங்கள்.

கோர்ட்டுகள் இதில் என்ன சொல்லியிருக்கின்றன? நம் அண்டை மாநிலமான கர்நாடகத்தின் கதையைக் கேளுங்கள். தாழ்த்தப்பட்டவர்களுக்கும் பழங்குடியினருக்கும் அரசு கொடுத்த நிலம் நிபந்தனையை மீறிக் கைமாறியிருந்தால் அது செல்லாது, நிலத்தை மீட்டுப் பழையவருக்கே கொடுக்கலாம் என்று 1978-ல் அங்கே ஒரு சட்டம் போட்டார்கள். நிலம் வாங்கியிருந்தவர்கள் சுப்ரீம் கோர்ட்டு வரை போனார்கள். காசு கொடுத்து வாங்கினோம், வருஷக்கணக்காக அனுபவிக்கிறோம் என்று வாதாடினார்கள். 1984-ல் சுப்ரீம் கோர்ட்டு அந்தச் சட்டம் செல்லும் என்று தீர்ப்புச் சொல்லிவிட்டது. பிறகு 2017-ல் இன்னொரு வழக்கு. விற்று 20 வருஷத்துக்கு மேல் ஆனபின் மீட்டுக் கொடுக்கச் சொல்லி மனுப் போட்டால் எப்படி, நியாயமான காலத்துக்குள் வர வேண்டாமா என்று அதே கோர்ட்டு கேட்டது. உடனே ஏழைகள் நிலம் போகிறது என்று குரல் எழும்ப, 2023-ல் கர்நாடக அரசு, மனுப் போடக் காலக்கெடுவே கிடையாது என்று சட்டத்தைத் திருத்தியது. இந்த இழுபறி சட்டத்தோடு முடிவதில்லை. அங்கே விற்றவர் குடும்பமும் வாங்கியவர் குடும்பமும் இத்தனை வருஷம் எந்த நிம்மதியில் உழுதிருப்பார்கள்?

“விற்க முடியாத நிலம் எதற்கு? ஆபத்துக்கு உதவாத சொத்து சொத்தா?” என்று என்னிடம் சண்டைக்கு வந்தவர்கள் உண்டு. அவர்கள் கேட்பதிலும் பொருள் இருக்கிறது. ஆனால் ஒன்று பாருங்கள். விற்கலாம் என்று விட்டிருந்தால், கொடுத்த மறு வருஷமே கடன்காரன் கைக்குப் போயிருக்கும். அது தெரிந்துதான் 1892-லேயே அந்த நிபந்தனையை வைத்தார்கள். பணமுடைக்கு வேறு வழி இருக்கிறது. பல ஒப்படை ஆணைகளில், கூட்டுறவுச் சங்கத்திலோ வங்கியிலோ சாகுபடிக்காக அடமானம் வைக்க இடம் கொடுத்திருப்பார்கள். அதுவும் அந்தப் பின்பக்கத்தில்தான் இருக்கும். தரகரிடம் போகுமுன் அதைப் பாருங்கள்.

அடுத்தது கிராமக் கணக்கு. தாசில்தார் ஆணை கொடுத்துவிட்டார், நீங்களும் வாங்கிப் பெட்டியில் வைத்துவிட்டீர்கள். ஆனால் அந்த ஆணை கிராமக் கணக்கில் ஏறியதா? உட்பிரிவு செய்து புலப்படத்தில் கோடு போட்டார்களா? பல பேருக்கு இரண்டுமே நடந்திருக்காது. கையில் ஆணை இருக்கும், கணக்கில் அந்த நம்பர் இன்னும் சர்க்கார் தரிசு என்றே இருக்கும். பிறகு அதே நிலத்தை வேறொருவருக்கு ஒப்படை செய்வார்கள், இல்லாவிட்டால் ஏதாவது கட்டடத்துக்கு ஒதுக்குவார்கள். ஒரே நிலத்துக்கு இரண்டு பட்டா என்று கேள்விப்படுகிறீர்களே, பெரும்பாலும் இப்படி வந்ததுதான். பயிர்க் கடன், பயிர் இன்ஷூரன்ஸ், சொட்டுநீர் மானியம், மத்திய அரசு தரும் வருஷத்துக்கு 6000 ரூபாய் என எதற்கு வந்தாலும் உங்கள் பெயரில் சிட்டா எங்கே என்றுதான் நாங்களும் கேட்போம்.

ஆகவே ஆணையையும் சிட்டாவையும் பக்கத்தில் வைத்து ஒப்பிடுங்கள். இப்போது சிட்டா, ‘அ’ பதிவேடு, புலப்படம் எல்லாம் இ-சேவை மையத்திலேயே எடுக்கலாம். ஒப்பிடும்போது ஒரு சின்ன எச்சரிக்கை. பழைய ஆணை ஏக்கர், சென்ட்டில் இருக்கும். புதிய சிட்டா ஹெக்டேர், ஏர்ஸில் இருக்கும். ஒன்றரை ஏக்கர் என்பது சிட்டாவில் ஏறக்குறைய 0.60 ஹெக்டேர் என்று வரும். அதைப் பார்த்து, “என் நிலத்தை அறுபது சென்ட்டாகக் குறைத்துவிட்டார்கள்” என்று ஒரு அம்மா என் ஆபீசில் வந்து அழுதார்கள். காகிதத்தில் கணக்குப் போட்டுக் காட்டிய பிறகுதான் சமாதானம் ஆனார்கள். ஒரு ஏக்கர் என்றால் சுமார் நாற்பதரை ஏர்ஸ் என்று மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

பிறகு சர்வேயருக்குப் பணம் கட்டி, அளந்து கல் நட்டுக்கொள்ளுங்கள். அளக்கும்போது பக்கத்து நிலக்காரரும் கூட நிற்கட்டும். எங்கள் பெரியவர் அன்றைக்கு இதைச் செய்திருந்தால் கிணற்றை மேலேயே வெட்டியிருப்பார். நானும் திடல் போடுவதற்கு முன் புலப்படத்தைக் கேட்டிருக்க வேண்டும். இப்போதெல்லாம் அது இல்லாமல் விதைப்பை அவிழ்ப்பதில்லை.

பட்டாவே இல்லாமல் புறம்போக்கில் பயிர் செய்கிறவர்களுக்கும் ஒரு வார்த்தை. “முப்பாட்டன் காலத்து அனுபோகம், பி மெமோ ரசீது கட்டுக்கட்டாக இருக்கிறது” என்பார்கள். பி மெமோ என்பது 1905-ஆம் ஆண்டு நில ஆக்கிரமிப்புச் சட்டப்படி போடுகிற தண்டத் தீர்வை. அனுபவத்தில் இருந்ததற்கு அது அத்தாட்சி ஆகலாம், ஆனால் நிலம் அரசுடையது என்பதற்கும் அதுவே அத்தாட்சி ஆகிவிடும். தனியார் நிலத்தில் 12 வருஷ எதிர் அனுபோகம் பேசலாம். அரசு நிலத்தில் அது 30 வருஷம், அதையும் நிரூபிப்பது லேசல்ல. ஏரி, குளம், ஓடை, வாய்க்கால் என்றால் ஆசையே வேண்டாம். நீர்நிலைப் புறம்போக்கைக் காக்க வேண்டும் என்று 2005-ல் சென்னை உயர் நீதிமன்றம் கண்டிப்பாகச் சொன்னது. 2007-ல் ஏரிகளைப் பாதுகாக்கத் தனிச் சட்டமும் வந்தது. ஓடைக் கரையில் பாடுபட்டவர் மேல் எனக்கு அனுதாபம் உண்டு. அந்த ஓடை நிரப்புகிற ஏரியை நம்பிக் கீழே ஆயக்கட்டுக்காரர்கள் இருக்கிறார்களே, அவர்களை என்ன செய்வது?

இனி, நோட்டீஸ் வந்தால் என்ன செய்வது? முதலில் வாங்கிக்கொள்ளுங்கள். கையெழுத்துப் போட்டு வாங்குவது, ஒப்புக்கொண்டதாக ஆகாது. வாங்கிய தேதியை அதன் மேலேயே எழுதி வையுங்கள். எத்தனை நாளில், யாருக்குப் பதில் சொல்ல வேண்டும் என்று அதிலேயே இருக்கும். பதிலை எழுத்து மூலமாகவே கொடுத்து, நகலில் சீல் வாங்குங்கள், அல்லது பதிவுத் தபாலில் அனுப்பி ரசீதைப் பத்திரப்படுத்துங்கள். வாயால் சொன்ன பதில் கோப்பில் ஏறாது.

அரசுக்கும் ஒரு கட்டுப்பாடு இருக்கிறது. ஒப்படையை ரத்து செய்வதற்குமுன் நோட்டீஸ் கொடுத்து உங்கள் பேச்சைக் கேட்டாக வேண்டும். கேட்காமல் போட்ட ரத்து உத்தரவுகளைக் கோர்ட்டுகள் பல தடவை தள்ளியிருக்கின்றன. நில விஷயத்தில் கீழ் அதிகாரி கொடுத்த உத்தரவை மேல் அதிகாரி மாற்றுவதானால் நியாயமான காலத்துக்குள் மாற்ற வேண்டும், நினைத்தபோது எடுத்துப் புரட்டக் கூடாது என்று குஜராத் வழக்கு ஒன்றில் சுப்ரீம் கோர்ட்டு 1969-லேயே சொன்னது. ஆனால் மோசடியாக வாங்கிய பட்டாவுக்கும், நீர்நிலையில் கொடுத்த பட்டாவுக்கும் இந்தப் பாதுகாப்பை நம்பி உட்கார்ந்திருக்க முடியாது.

பட்டாவில் பெயர் தவறு, கணக்கில் ஏறவில்லை என்றால் முதலில் தாசில்தாருக்கு மனு. 1983-ஆம் ஆண்டு பட்டா பாஸ் புத்தகச் சட்டப்படி அவர் போடும் உத்தரவில் குறை இருந்தால் ஆர்.டி.ஓ.விடம் மேல்முறையீடு, அதற்கும் மேலே டி.ஆர்.ஓ. நிலம் யாருடையது என்ற உரிமைச் சண்டை வந்தால்தான் சிவில் கோர்ட்டு. அரசின் மேல் வழக்குப் போடுவதானால் பொதுவாக இரண்டு மாத முன்னறிவிப்புக் கொடுக்க வேண்டும். இதைக் கொடுக்காமல் போட்டுத் தள்ளுபடியான வழக்குகள் உண்டு. பழைய ஒப்படைக் கோப்பு வேண்டுமானால் தகவல் உரிமைச் சட்டப்படி 10 ரூபாய் கட்டி நகல் கேளுங்கள். வருஷா வருஷம் நடக்கிற ஜமாபந்தியையும் விட்டுவிடாதீர்கள். கிராமக் கணக்குகள் எல்லாம் மேஜைமேல் இருக்கிற நாள் அது. உங்கள் நம்பரைக் கண்முன்னே எடுத்துப் பார்க்கச் சொல்லலாம்.

வக்கீலுக்குக் கொடுக்கப் பணமில்லையே என்று பின்வாங்க வேண்டாம். 1987-ஆம் ஆண்டுச் சட்டப்படி சட்டப் பணிகள் குழு இருக்கிறது. பெண்களுக்கும், தாழ்த்தப்பட்ட, பழங்குடி இனத்தாருக்கும் வருமானம் எவ்வளவு என்று கேட்காமலே இலவசமாக வக்கீல் வைத்துத் தருவார்கள். ஆதிதிராவிடருக்கு ஒதுக்கிய நிலத்தை மற்றவர் மடக்கிப் பயிர் செய்தால், வெறும் வரப்புத் தகராறு என்று அதை விடக் கூடாது. 1989-ஆம் ஆண்டு வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தில் அது குற்றம்.

பட்டாக்காரர் காலமாகிவிட்டால் உடனே வாரிசுச் சான்றிதழ் வாங்கிப் பெயர் மாற்றுங்கள். விற்கத்தான் தடை, வாரிசுக்கு வருவதற்குத் தடை இல்லை. ஆனால் நிபந்தனைகளும் கூடவே வரும். பெண் மக்களை விட்டுவிட்டு மகன் பெயரை மட்டும் எழுதாதீர்கள். 1956-ஆம் ஆண்டு இந்து வாரிசுரிமைச் சட்டப்படி, உயில் எழுதாமல் இறந்தவரின் சொந்தச் சொத்தில் தாய், மனைவி, மகன், மகள் எல்லோருக்கும் சம பங்கு. இன்று மறைத்தால் பத்து வருஷம் கழித்து அதுவே வழக்காகும்.

பெரியவர் விஷயத்துக்கு வருகிறேன். கடலையைக் காய் எடுக்கும் வரை விட்டுவைக்கும்படி மனுக் கொடுத்தோம், அவகாசம் கொடுத்தார்கள். கிணறு போனது போனதுதான். இரண்டாவது நோட்டீஸை இந்தத் தடவை கையெழுத்துப் போட்டு வாங்கினார். சட்டப் பணிகள் குழு மூலமாக ஒரு வக்கீல் வந்தார். இடத்தைத் தவறாகக் காட்டியதால் வந்த குறை, நிலத்தைச் சும்மா போட்டதால் வந்ததல்ல என்று எழுதிக் கொடுத்தார். இத்தனை வருஷம் பக்கத்திலேயே பாடுபட்டதற்குக் கிணறே சாட்சி என்றார். பறிபோன கிணறு அந்த ஒரு காரியத்துக்கு உதவிற்று. ஒப்படை ரத்தாகவில்லை. கல் நட்ட அன்று நானும் போயிருந்தேன். முள்ளை வெட்டிச் சுத்தம் செய்யவே ஒரு கோடை ஆயிற்று. சரிவுக்குக் குறுக்கே வரப்புப் போட்டு, மானாவாரியாகக் கொள்ளும் துவரையும் விதைத்தார்கள். முதல் வருஷம் மகசூல் சொல்லிக்கொள்ளும்படி இல்லை. அந்தத் துவரையில் ஒரு படி எனக்குக் கொடுத்தனுப்பினார், வாங்கிக்கொள்ளக் கூச்சமாகத்தான் இருந்தது.